அடுப்பில்லாமல் பாஸ்தா: ரைஸ் குக்கரா, மைக்ரோவேவா, பிரஷர் குக்கரா?

அடுப்பு வைக்க அனுமதி இல்லாத விடுதி அறை, அல்லது ஒரே ஒரு பிளக் பாயின்ட்டை நம்பியிருக்கும் சின்ன வீடு. அங்கே பாஸ்தா செய்ய வேண்டும் என்றால் கைக்கு எட்டும் வழிகள் நான்குதான்: சாதாரண ரைஸ் குக்கர், மைக்ரோவேவ், மின்சார பிரஷர் குக்கர், கெட்டிலும் வாயகன்ற ஃபிளாஸ்க்கும் சேர்ந்த ஜோடி. நான்கிலும் பாஸ்தா வேகும். நமக்குப் பிடித்த பதத்தில் அதை நிறுத்த எது விடுகிறது என்பதில்தான் வித்தியாசம். என் தேர்வு, இருப்பதிலேயே எளிமையான ஒற்றைச் சுவிட்ச் ரைஸ் குக்கர். எந்த நிமிடத்திலும் மூடியைத் திறந்து ஒன்றை எடுத்துக் கடித்துப் பார்க்கலாம். பாஸ்தாவுக்கு இதைவிடப் பெரிய வசதி எதுவும் இல்லை.

முதலில் அந்தக் குக்கர் எப்படி யோசிக்கிறது என்று பார்த்துவிடலாம். உள்பாத்திரத்தை எடுத்தால் சூடாகும் தட்டின் நடுவில், அழுத்தினால் உள்ளே போய் மேலே வரும் வட்டமான குமிழ் ஒன்று தெரியும். அதற்குள் காந்தம் இருக்கிறது. பாத்திரத்தில் தண்ணீர் இருக்கும்வரை அடியின் சூடு 100 டிகிரி செல்சியஸை ஒட்டியே நிற்கும். தண்ணீர் வற்றியதும் சூடு மேலும் சில டிகிரி ஏறும், காந்தம் பிடியை விடும், 'டக்' என்று சுவிட்ச் வார்முக்குத் தாவிவிடும். ஆக, அதற்குத் தெரிந்ததெல்லாம் தண்ணீர் இருக்கிறதா, தீர்ந்ததா என்பது மட்டும். பாஸ்தா வெந்ததா, குழைந்ததா என்பது அதற்குத் தெரியாது. அதை நாம்தான் பார்க்க வேண்டும்.

குக்கருக்குள்ளேயே மூன்று வழிகள்

ரைஸ் குக்கரில் பாஸ்தா என்றாலே பலரும் ஒரே முறையைத்தான் நினைக்கிறார்கள். உண்மையில் அதற்குள்ளேயே மூன்று வழிகள் போட்டி போடுகின்றன.

முதல் வழி, நிறையத் தண்ணீரில் வேகவைத்து வடிப்பது. 100 கிராம் பாஸ்தாவுக்கு 1 லிட்டர் தண்ணீர் என்பது பழைய கணக்கு. இரண்டு பேருக்கு 200 கிராம் எடுத்தால் 2 லிட்டர். பெரும்பாலான சிறு குக்கர்களில் அது கொள்ளவே கொள்ளாது. கொண்டாலும், 500 வாட் குக்கர் 2 லிட்டர் தண்ணீரைக் கொதிக்க வைக்க இருபது நிமிடத்துக்கு மேல் ஆகும். தண்ணீரைப் பாதியாகக் குறைத்தாலும் பாஸ்தா ஒழுங்காகத்தான் வேகும், நடுநடுவே கிளறினால் போதும். எனக்கு இந்த வழியில் பிடிக்காதது கடைசிக் கட்டம். குக்கரின் உள்பாத்திரம் மெல்லியது, பலவற்றில் கைப்பிடியும் கிடையாது. கொதிக்கிற தண்ணீரோடு அதைத் துணியால் பிடித்துத் தூக்கி ஒரு குளியலறைத் தொட்டியில் சாய்ப்பது ஆபத்தான வேலை. வடித்தே ஆக வேண்டும் என்றால் பாத்திரத்தை இருக்கும் இடத்திலேயே விட்டுவிட்டு, கண் கரண்டியால் பாஸ்தாவை மட்டும் அள்ளித் தட்டில் போடுங்கள்.

இரண்டாவது, அளந்த தண்ணீரில் வற்றவிடுவது. பாஸ்தா, தண்ணீர், உப்பு எல்லாம் ஒன்றாக உள்ளே போகும், வடிக்கவே வேண்டாம். 200 கிராம் பென்னே (குழாய் வடிவம்) அல்லது ஃபுசிலிக்கு (சுருள் வடிவம்) 500 மில்லி தண்ணீர் நல்ல தொடக்கம். 100 கிராமுக்கு அதை நேர்பாதியாக்கக் கூடாது, 300 மில்லியாவது விட வேண்டும். பாஸ்தா உறிஞ்சும் தண்ணீர்தான் எடைக்கேற்பக் குறையும். ஆவியாகப் போகும் தண்ணீர் நேரத்தைப் பொறுத்தது. அது அப்படியே இருக்கும்.

இந்த முறையின் அழகு, வடிதண்ணீரோடு போய்விடும் மாவுச்சத்து முழுவதும் பாத்திரத்திலேயே தங்கி, தானாகவே ஒரு வழுவழுப்பான குழம்பாகிவிடுவது. அதன்மேல் கொஞ்சம் வெண்ணெயும் துருவிய சீஸும் விழுந்தால் தனியாக சாஸ் செய்யாத குறையே தெரியாது. ஆனால் உப்பில் ஒரு எச்சரிக்கை. வடிக்கும் முறையில் போடும் உப்பில் பெரும்பகுதி தண்ணீரோடு வெளியேறிவிடும். இங்கே போட்டதெல்லாம் தட்டுக்கு வரும். 200 கிராமுக்கு முக்கால் டீஸ்பூன் போதும். சீஸ் சேர்ப்பதாக இருந்தால் அதிலும் ஒரு சிட்டிகை குறைக்கலாம்.

மூன்றாவது, முன்கூட்டியே ஊறவைப்பது. இதைப் பற்றி அதிகம் பேர் பேசுவதில்லை, எனக்கோ இதன்மேல் தனி மதிப்பு. காய்ந்த பாஸ்தாவைப் பச்சைத் தண்ணீரில் ஒரு மணி நேரத்திலிருந்து ஒன்றரை மணி நேரம் வரை போட்டுவைத்தால், வேகவே இல்லாமல் தேவையான ஈரத்தை உறிஞ்சிக்கொள்ளும். நிறம் வெளுத்து, ரப்பர் போல வளையும். குளிர்ந்த தண்ணீரில் மாவுச்சத்து பசையாகாது என்பதால் ஒன்றோடொன்று ஒட்டுவதும் குறைவு. அப்புறம் அந்தத் தண்ணீரைக் கொட்டிவிட்டு, குக்கரில் கொதித்துக்கொண்டிருக்கும் சாஸில் நேராகப் போட வேண்டியதுதான். இரண்டு மூன்று நிமிடத்தில் வெந்துவிடும். வாட் குறைந்த, மெதுவாகச் சூடாகும் குக்கர் வைத்திருப்பவர்களுக்கு இதுதான் சரியான வழி. தண்ணீர் மறுபடி கொதிநிலைக்கு வரும்வரை அரைச்சூட்டில் கிடந்து குழைகிற தொல்லை இதில் இல்லை. முட்டை சேர்த்துச் செய்த புதுப் பாஸ்தாவுக்கு மட்டும் இது ஆகாது, கரைந்து கூழாகிவிடும்.

திட்டமிடும் பழக்கம் உள்ளவர்களுக்கு மூன்றாவது, பசியோடு வீட்டுக்கு வருகிறவர்களுக்கு இரண்டாவது. முதலாவதை நான் பரிந்துரைக்க மாட்டேன்.

நுரையும், முன்கூட்டியே அணையும் சுவிட்சும்

ரைஸ் குக்கரில் பாஸ்தா கெடுவதற்கு இரண்டு காரணங்கள்தான் பெரும்பாலும். ஒன்று, நுரை. பாஸ்தாவிலிருந்து வெளிவரும் மாவுச்சத்தும் புரதமும் நீர்க்குமிழிகளை உடையவிடாமல் பிடித்துவைப்பதால் நுரை ஏறி, மூடியின் ஆவித் துளை வழியாக மேசை முழுக்க வழிந்துவிடும். பாத்திரத்தில் பாதிக்கு மேல் நிரப்பாதீர்கள். ஒரு ஸ்பூன் எண்ணெய் விடுங்கள், நுரை கொஞ்சம் அடங்கும். கொதி வந்ததும் மூடியைச் சாய்த்துவைத்தால் பெரும்பாலும் பிரச்சினை தீர்ந்தது. முதல் இரண்டு நிமிடம் மரக்கரண்டியால் கிளறிக்கொண்டே இருப்பதும் முக்கியம். பாஸ்தாவின் மேல்தோல் பசையாகிற அந்த நேரத்தில் சும்மா விட்டால் கட்டியாக ஒட்டிக்கொள்ளும், அப்புறம் பிரிக்க முடியாது.

இன்னொன்று, கெட்டியான சாஸ். தக்காளி சாஸை ஆரம்பத்திலேயே ஊற்றினால் அது அடியில் தங்கும். தண்ணீர் போல மேலும் கீழும் சுழலாது. அடி மட்டும் சூடேறி, மேலே பாஸ்தா பாதி வேகாமல் இருக்கும்போதே சுவிட்ச் 'டக்' என்று விழுந்துவிடும். உடனே மறுபடி அழுத்தினால் அழுத்திய இடத்தில் நிற்காது, காந்தம் ஆற வேண்டும். சிலர் சுவிட்சுக்கு எதையாவது முட்டுக் கொடுத்து அழுத்திவைக்கிறார்கள். தயவுசெய்து அதைச் செய்யாதீர்கள், சூடு மீறாமல் காக்கிற பாதுகாப்பே அந்தச் சுவிட்ச்தான். அரை டம்ளர் வெந்நீர் விட்டு, அடியைச் சுரண்டிக் கிளறி, இரண்டு மூன்று நிமிடம் கழித்து அழுத்தினால் அது தானாகவே நிற்கும். சாஸைப் பாஸ்தா முக்கால்வாசி வெந்த பிறகு ஊற்றுவது எல்லாவற்றையும்விட நல்லது. பாலும் க்ரீமும் இன்னும் கடைசியில், சீஸ் சுவிட்சை அணைத்த பிறகு. கொதிக்கிற சூட்டில் போட்டால் சீஸ் திரிந்து உருண்டையாகிவிடும்.

வெங்காயமும் பூண்டும் வதக்குவதில் ரைஸ் குக்கர் தோற்றுவிடுகிறது, அதை ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும். எண்ணெய் சூடேறியதும் சுவிட்ச் விழுந்துவிடுவதால் பொன்னிறம் வராது. மிருதுவாக வதங்கும், அவ்வளவுதான்.

மற்ற மூன்றும் எப்படி?

மின்சார பிரஷர் குக்கர் இந்த வதக்கும் வேலையில் கெட்டிக்காரன். வதக்கும் பொத்தானை அழுத்தினால் வெங்காயம் சிவக்கும். பிறகு பாஸ்தாவைப் போட்டு, பொட்டலத்தில் போட்டிருக்கும் நேரத்தில் பாதியைவிட ஒரு நிமிடம் குறைவாக வைப்பது வழக்கம். 10 நிமிட பாஸ்தாவுக்கு 4 நிமிடம். கேட்க வேகமாக இருக்கிறது. ஆனால் அழுத்தம் ஏறும் நேரத்தையும் இறங்கும் நேரத்தையும் சேர்த்தால் ரைஸ் குக்கரைவிடப் பெரிதாக மிச்சமில்லை. அழுத்தத்தை உடனே திறந்துவிட்டால் வால்வு வழியாக மாவு நுரை பீய்ச்சும். தானாக இறங்கட்டும் என்று காத்திருந்தால் பாஸ்தா உள்ளேயே குழையும். நடுவில் திறந்து பார்க்கவும் வழியில்லை. ஒரே பிராண்ட், ஒரே வடிவம் என்று எப்போதும் வாங்குகிறவர்கள் நேரத்தைப் பழகிக்கொள்ளலாம். மற்றவர்களுக்கு ஒவ்வொரு புதுப் பொட்டலமும் குருட்டாம்போக்குதான்.

மைக்ரோவேவ் ஒரு ஆளுக்கு நன்றாகவே வேலை செய்யும். உயரமான கண்ணாடிக் கிண்ணத்தில் பாஸ்தா நன்றாக மூழ்கத் தண்ணீர் ஊற்றி, பொட்டலத்தில் உள்ளதைவிட மூன்று நான்கு நிமிடம் கூடுதலாக, நடுவில் ஒருமுறை நிறுத்திக் கிளறி எடுக்கலாம். கிண்ணம் பாதிக்கு மேல் நிரம்பியிருந்தால் பொங்கும். இரண்டாவது ஆளுக்கும் சேர்த்துச் செய்யும்போது நேரம் கணிசமாக நீளும். சாஸைத் தனியாகச் சூடாக்க வேண்டியிருக்கும்.

கெட்டிலுக்குள் பாஸ்தாவைப் போடுவது மட்டும் வேண்டவே வேண்டாம். நுரை மூக்கு வழியாக வழிந்து அடிப்பகுதி மின்இணைப்பு வரை போகலாம், உள்ளே தீய்ந்த மாவைச் சுத்தம் செய்வதும் பெரும்பாடு. கெட்டிலில் தண்ணீரை மட்டும் கொதிக்கவைத்து, முன்பே வெந்நீர் ஊற்றிச் சூடாக்கிய ஃபிளாஸ்க்கில் பாஸ்தாவோடு ஊற்றி மூடுவது வேறு கதை. கோதுமையின் மாவுச்சத்து வேகக் கொதிநிலை தேவையில்லை, 80 டிகிரிக்கு மேல் இருந்தாலே நடக்கும். சிறிய மக்ரோனி, மெல்லிய நூல் பாஸ்தா போன்றவை பொட்டலத்தில் உள்ள நேரத்தைவிடக் கூடுதலாகக் காத்திருந்தால் சாப்பிடும் பதத்துக்கு வந்துவிடும். பயணத்துக்கு அருமையான வழி, அன்றாடத்துக்குச் சாஸ் பக்கம் பலவீனம்.

ஆனால் கெட்டிலும் ரைஸ் குக்கரும் இரண்டும் கையில் இருந்தால் அதை மிஞ்ச எதுவும் இல்லை. 1500 வாட் கெட்டில் அரை லிட்டரை இரண்டு மூன்று நிமிடத்தில் கொதிக்கவைத்துவிடும். அதைக் குக்கரில் ஊற்றினால், மெதுவாகச் சூடாவது என்ற ரைஸ் குக்கரின் ஒரே பெரிய குறையும் போய்விடுகிறது. இரண்டையும் ஒரே நீட்டிப்புக் கம்பியில் ஒரே நேரத்தில் ஓட்டாமல், ஒன்றை அணைத்த பின் அடுத்ததைப் போடுங்கள்.

வடிவத்தைப் பற்றி ஒரு வார்த்தை. ரைஸ் குக்கருக்குப் பென்னே, ஃபுசிலி, மக்ரோனி மூன்றும் சொன்னபடி கேட்கும். ஸ்பாகெட்டியை இரண்டாகவோ மூன்றாகவோ ஒடித்துத்தான் போட வேண்டும், ஒடிக்க மனமில்லாதவர்கள் நீளமான தட்டில் ஊறவைத்து, வளையத் தொடங்கியதும் சுருட்டி உள்ளே வைக்கலாம். வெந்ததும் பிளக்கைப் பிடுங்கி, பாத்திரத்தை வெளியே எடுத்துவிடுங்கள். வார்மில் விட்டால் வேக்காடு நிற்காது, அரை மணி நேரத்தில் பதம் போய்விடும். மிச்சத்தை இரண்டு மணி நேரத்துக்குள் ஃபிரிட்ஜில் வைத்து, மறுநாள் இரண்டு ஸ்பூன் தண்ணீர் தெளித்துச் சூடாக்கினால் இறுகிய சாஸ் மறுபடி இளகிவரும்.