நடிகர் இயக்குநரானால்: ஷ்வைகரா, ஷ்ராடரா?

டில் ஷ்வைகர் 1963-இல் பிறந்தவர், மரியா ஷ்ராடர் 1965-இல். இருவருமே ஜெர்மனியில் நடித்துப் பேர் வாங்கிவிட்டு இயக்கத்துக்கு வந்தவர்கள். ஒற்றுமை அதோடு சரி.

ஷ்வைகரை நம்மில் பலர் பார்த்திருப்போம்: டாரன்டினோவின் 'இங்க்லோரியஸ் பாஸ்டர்ட்ஸ்' படத்தில் அதிகம் பேசாத அந்த ஹியூகோ ஸ்டிக்லிட்ஸ். ஊரில் அவர் 'லிண்டன்ஷ்ட்ராஸ' நெடுந்தொடரில் தொடங்கி நட்சத்திரமானவர். இயக்குநரான பிறகும் கேமராவுக்கு முன்னாலிருந்து நகரவில்லை. 2007-இல் வந்த காதல் நகைச்சுவை 'கைன்ஓர்ஹாஸன்' படத்தில் நாயகன், இயக்குநர், தயாரிப்பாளர் எல்லாம் அவரே. போதாக்குறைக்குப் பிள்ளைகளும் தலைகாட்டுகிறார்கள். 60 லட்சம் டிக்கெட்டுக்கு மேல் விற்றது. மறதி நோயால் தடுமாறும் தாத்தாவைப் பேத்தி வெனிஸுக்குக் கூட்டிப்போகும் 'ஹோனிக் இம் கோப்ஃப்' (2014) 70 லட்சத்தையும் தாண்டியது. பேத்தியாக நடித்தது மகள் எம்மா.

ஷ்ராடர் நேர் எதிர். 'எமே உண்ட் யாகுவார்' படத்துக்காக 1999-இல் பெர்லின் திரைப்பட விழாவில் நடிப்புக்கான வெள்ளிக் கரடி விருது வாங்கிய நடிகை, தனித்து இயக்கும்போது நாயகி இடத்தை மற்றவர்களுக்கு விட்டுவிடுகிறார். 2021-இல் அவர் இயக்கிய 'இஷ் பின் டைன் மென்ஷ்' படத்துக்காக அதே விழாவில் நடிப்பு விருது வாங்கியவர் மாரன் எகர்ட். இடையில் 'அனார்தடாக்ஸ்' தொடருக்காக 2020-இல் இயக்குநருக்கான எம்மி, அமெரிக்கத் தொலைக்காட்சியின் பெரிய விருது.

எழுத்தாளர் ஸ்டெஃபான் ஸ்வைக்கின் கடைசி ஆண்டுகளைச் சொல்லும் 'ஃபோர் டேர் மோர்கன்ரோட்ட' (2016) படத்தின் முடிவைப் பாருங்கள். பிரேசிலில் அவரும் மனைவியும் தற்கொலை செய்துகொண்ட வீடு. போலீஸ்காரர்கள், அக்கம்பக்கத்தார் வருவதும் போவதுமாக இருக்க, கேமரா அசையாமல் நிற்கிறது. அலமாரிக் கதவு திரும்பும்போது அதன் கண்ணாடியில்தான் கட்டிலில் கிடக்கும் இருவரும் தெரிகிறார்கள். ஷ்வைகர் எடுத்திருந்தால் ஒரு பாட்டு, பத்து ஷாட் மாற்றம், கண்ணீரோடு நாலு முகம்!

என் ஓட்டு ஷ்ராடருக்கே. ஆனால் ஷ்வைகரை வெறும் வசூல்காரர் என்று தள்ளவும் மனமில்லை. அந்தத் தாத்தாவாக மூத்த நகைச்சுவை நடிகர் டீட்டர் ஹாலர்ஃபோர்டனை நடிக்கவைத்தது சாதாரண விஷயமல்ல. அதே கதையை 2018-இல் நிக் நோல்டியை வைத்து ஆங்கிலத்தில் மறுபடி எடுத்தார், எடுபடவில்லை. ஷ்ராடரோ 2022-இல் 'ஷி செட்' மூலம் ஹாலிவுட்டுக்குப் போனபோது, அங்கேயும் தன் நிதானத்தை விடவில்லை. புதிதாகப் பார்ப்பவர்கள் 'அனார்தடாக்ஸ்' தொடரிலிருந்து தொடங்கலாம், நாலே பகுதிதான்.