பலாகெரோவா ப்ளாசாவா? 'ரெக்' எடுத்த ரெண்டு பேர்ல நான் யாரு பக்கம்

ஸ்பானிஷ் த்ரில்லர்னு வாய தொறந்தாலே நம்ம ஆளுங்க சொல்ற மொத பேரு டைரக்டர் ஓரியோல் பாலோ. தப்பில்ல, அவரோட 'தி பாடி'தான் 2016-ல அர்ஜுன் நடிச்சு 'ஒரு மெல்லிய கோடு'ன்னு இங்க வந்துச்சு, 'இன்விசிபிள் கெஸ்ட்' இந்தில 'பத்லா' ஆச்சு. ஆனா அவரு முடிச்சு போட்டு அவுக்கிற ஆளு, முடிச்சு தெரிஞ்சுட்டா ரெண்டாவது தடவ உக்காந்து பாக்க எனக்கு பொறுமை இருக்காது (சண்டைக்கு வராதீங்க). பயமுறுத்துறதுன்னா எனக்கு வேற ரெண்டு பேரு, ஜவ்மே பலாகெரோ, பாக்கோ ப்ளாசா. 2007-ல 'ரெக்' படத்த சேர்ந்து எடுத்த ஜோடி.

'ரெக்' பாக்காதவங்களுக்கு ரெண்டு வரி. நைட் ஷிஃப்ட்ல வேலை செய்றவங்கள பத்தி ப்ரோக்ராம் எடுக்கிற டிவி பொண்ணு ஏஞ்சலா கேமராமேனோட ஃபயர் ஸ்டேஷனுக்கு போறா, அங்கேர்ந்து ஃபயர் வண்டில தொத்திக்கிட்டு பார்சிலோனால ஒரு அப்பார்ட்மென்ட்டுக்குள்ள போறா, போனதும் போலீஸ் வெளிய சீல் வச்சிடுது, அவ்ளோதான். ஏஞ்சலாவா நடிச்ச மனுவேலா வெலாஸ்கோ நெஜத்துலயும் டிவி தொகுப்பாளர், இதுக்கு புதுமுக நடிகைக்கான கோயா விருது (ஸ்பெயினோட பெரிய சினிமா விருது) வாங்குனாங்க. கேமராமேன் பாப்லோவா வர்றது படத்தோட நெஜ ஒளிப்பதிவாளர் பாப்லோ ரோசோ. பின்னணி இசைன்னு ஒண்ணும் கிடையாது. நடிகர்களுக்கு முழு ஸ்க்ரிப்ட் தராம அடுத்து என்ன வரும்னு சொல்லாமலே சில சீன் எடுத்திருக்காங்க, அதனாலதான் அந்த கத்தல்ல பாதி நடிப்பு மாதிரியே தெரியாது. அடுத்த வருஷமே அமெரிக்காக்காரன் 'க்வாரன்டைன்'னு கிட்டத்தட்ட ஷாட்டுக்கு ஷாட் அப்படியே எடுத்தான், அத விடுங்க.

ரெண்டு பேரு சேர்ந்து எடுத்த படத்துல எது யாரோடதுன்னு பிரிக்கிறது கஷ்டம், ஆனா இவங்க விஷயத்துல விதியே நமக்கு பரிட்சை வச்சு குடுத்துருக்கு. ரெண்டாம் பாகத்தையும் 2009-ல சேர்ந்தே எடுத்தாங்க, அதுக்கப்புறம் மூணாவத ப்ளாசா தனியா (2012), நாலாவத பலாகெரோ தனியா (2014). அது மட்டுமில்ல, இவங்க ரெண்டு பேரு பாதையும் ரயில் தண்டவாளம் மாதிரி பக்கத்துல பக்கத்துலயே ஓடுது. பலாகெரோ 1968-ல ஸ்பெயின்ல யேய்தாங்கிற ஊர்ல பொறந்தவரு, ப்ளாசா 1973, வலென்சியா. ரெண்டு பேருக்கும் மொத முழுநீளப் படம் ராம்சி கேம்ப்பெல்ங்கிற ஒரே இங்கிலீஷ் எழுத்தாளரோட நாவல்லேர்ந்து. ரெண்டு பேரும் 'ஃபிலிம்ஸ் டு கீப் யூ அவேக்' டிவி வரிசைல ஆளுக்கு ஒண்ணு எடுத்துருக்காங்க. 2002-ல சேர்ந்து ஒரு பாட்டுப் போட்டி ரியாலிட்டி ஷோவ பத்தி டாக்குமென்டரி வேற, பேய்ப்பட ஆளுங்களுக்கு அங்க என்ன வேலைன்னு கேக்காதீங்க.

அந்த மொத படங்கள்லயே வித்தியாசம் ஆரம்பிச்சிடுது. பலாகெரோவோட 'தி நேம்லெஸ்' (1999): பொண்ணு செத்துட்டான்னு நம்பி அஞ்சு வருஷம் ஓட்டுன அம்மாவுக்கு ஒரு நாள் போன், அந்தப் பக்கம் அந்தப் பொண்ணு, வந்து கூட்டிட்டு போங்குறா. இந்த ஒரு போன்ல வர்ற சில்லிப்பு படம் முழுக்க ஒட்டிக்கிட்டே இருக்கும், எல்லா அறையும் ஈரமா, பழுப்பா, யாரோ காலி பண்ணிட்டு போன மாதிரி. ப்ளாசாவோட 'செகண்ட் நேம்' (2002) தலைச்சன் பிள்ளைய பலி குடுக்கிற கூட்டத்த பத்துனது, அப்பா தற்கொலை பண்ணிக்கிட்டதுக்கு காரணம் தேடி போற மகள். கதை நல்ல கதைதான், எடுத்த விதத்துல இன்னும் பழகாத கைன்னு தெரியும். மொத ரவுண்டு பலாகெரோவுக்கே, போட்டியே இல்ல.

அடுத்த ரவுண்டுல பலாகெரோ சறுக்குனாரு. 'டார்க்னஸ்' (2002) ஹாலிவுட் காசு, அன்னா பாக்வின், லேனா ஓலின்னு பெரிய ஆளுங்க, ஆனா படம் இருட்டுல எதையோ தேடுற மாதிரியே போகும். 'ஃப்ராஜைல்' (2005) மூடப்போற குழந்தைங்க ஆஸ்பத்திரி, பரவால்ல ரகம். இதே நேரத்துல ப்ளாசா 'ரோமசான்டா' எடுத்தாரு, 19-ஆம் நூற்றாண்டுல ஸ்பெயினோட கலீசியா பகுதில தன்னையே ஓநாய் மனுஷன்னு சொல்லிக்கிட்ட நெஜ கொலைகாரனோட கதை, பாக்க அழகா இருக்கும், பயம் வராது.

ஆனா அந்த டிவி படங்கள கட்டாயம் பாருங்க, ஏன்னா அங்கதான் ரெண்டு பேரோட குணமும் பச்சையா தெரியும். பலாகெரோவோட 'டு லெட்'ல ஒரு ஜோடி வாடகைக்கு வீடு பாக்க ஊருக்கு வெளிய ஒரு பாழடைஞ்ச பில்டிங்குக்கு போறாங்க, காட்ட வந்த அம்மா விட மாட்டேங்குறா. வீடு தேடி அலைஞ்சவங்க யாரா இருந்தாலும் வயிறு கலங்கும். ப்ளாசாவோட 'எ கிறிஸ்துமஸ் டேல்' 1985-ல நடக்குது, காட்டுக்குள்ள குழில விழுந்து கெடக்குற கிறிஸ்துமஸ் தாத்தா வேஷம் போட்ட பொம்பளைய பசங்க கண்டுபுடிக்கிறாங்க, அவ பேங்க் கொள்ளைக்காரின்னு தெரிஞ்சதும் காப்பாத்தாம பணத்துக்கு பேரம் பேசுதுங்க. ஒருத்தருக்கு பேய் சுவத்துல இருக்கு, இன்னொருத்தருக்கு கூட இருக்கிற மனுஷங்ககிட்ட. 'ரெக்'ல அந்த படிக்கட்டும் பூட்டுன கதவும் பலாகெரோ, மாடிக்கு மாடி குடித்தனக்காரங்க ஒருத்தர ஒருத்தர் பத்தி கேமராகிட்ட போட்டுக் குடுக்குற அக்கப்போரு ப்ளாசான்னு நான் அடிச்சு சொல்லுவேன், ஆதாரம் கேட்டா என்கிட்ட இல்ல, மூணாவதும் நாலாவதும் பாத்தா உங்களுக்கே புரியும்.

மூணாவது ஒரு கல்யாண வீட்டுல நடக்குது. கல்யாண வீடியோ மாதிரியே ஆரம்பிச்சு ஒரு இருபது நிமிஷத்துல ப்ளாசா அந்த கைக்கேமராவ தூக்கி போட்டுட்டு சாதா சினிமாவா மாத்திடுவாரு, அப்புறம் மணப்பொண்ணு கைல மரம் அறுக்கிற மெஷின். காப்பிரைட் பிரச்சனை வரும்னு பேரு மாத்துன ஸ்பாஞ்ச் பொம்ம வேஷக்காரர் ஒருத்தர், கல்யாணத்துல போடுற பாட்டுக்கு ராயல்டி கணக்கெடுக்க வந்த ஆளு ஒருத்தர்னு சிரிப்பு வேற. 'ரெக்' ரசிகர்கள் நெறைய பேரு திட்டுனாங்க, நானும் மொத தடவ திட்டுனேன். இப்ப நாலு பாகத்துல மொத பாகத்துக்கு அடுத்து நான் திரும்ப பாக்குறது இதத்தான். பலாகெரோவோட நாலாவது கப்பல்ல நடக்குது, ஏஞ்சலா திரும்ப வர்றா, குறைன்னு தனியா ஒண்ணும் சொல்ல முடியாது, ஆனா மறுநாள் காலைல ஒரு சீன் கூட ஞாபகம் இல்ல.

சரி, இப்ப மெயின் மேட்டர். லூயிஸ் டோசார். கலீசியாக்காரரு, அடர்த்தியான புருவம், சும்மா நின்னாலே ஏதோ தப்பு பண்ணப் போறாருன்னு தோணும். இவர ஹீரோவா வச்சு ரெண்டு பேரும் ஆளுக்கு ஒரு படம், ரெண்டுலயும் அவரு மத்தவங்கள பாத்துக்கிற வேலைல இருக்கிற ஆளு.

பலாகெரோவோட 'ஸ்லீப் டைட்' (2011). டோசார் பார்சிலோனால ஒரு அப்பார்ட்மென்ட்டோட வாயிற்காப்பாளர், பேரு சேசார், எல்லார் வீட்டு சாவியும் அவர்கிட்ட. அவருக்கு சந்தோஷம்னா என்னன்னே தெரியாது, வரவே வராது, அதனால சிரிச்ச முகமா இருக்கிற க்ளாராங்கிற பொண்ண பாத்தா தாங்கல. ராத்திரியானா அவ கட்டிலுக்கு அடில. பேய் இல்ல, ரத்தம்கூட ரொம்ப இல்ல, ஆனா இதுல பலாகெரோ செய்ற வேலை என்னன்னா நம்மளையும் அந்த கட்டிலுக்கு அடில படுக்க வச்சிடுவாரு, மாட்டிக்குவானோன்னு அவனுக்காக நமக்கு மூச்சு அடைக்கும், அப்புறம் ச்சீ நான் யாருக்காக பயப்படுறேன்னு நம்ம மேலயே ஒரு அருவருப்பு வரும். வாய் பேச முடியாம ஆஸ்பத்திரில கெடக்குற அம்மாகிட்ட போய் அன்னிக்கு பண்ணதெல்லாம் ஒண்ணு விடாம சொல்லுவான், அந்த அம்மா கண்ணுலேர்ந்து தண்ணி மட்டும் வழியும். நாய் வளக்குற ஒரு தனிக்கட்டை கிழவிகிட்ட சிரிச்சுக்கிட்டே ஒரு நிமிஷம் பேசுவான், படத்துலயே கொடூரமான சீன் அதுதான், கை கூட வைக்கல.

ப்ளாசாவோட 'ஐ ஃபார் அன் ஐ' (2019). இங்க டோசார் கலீசியால ஒரு முதியோர் இல்லத்துல நர்ஸ், நல்ல மனுஷன், பொண்டாட்டி மாசமா இருக்கா. அங்க நோயாளியா வந்து சேர்றாரு பழைய போதைமருந்து தாதா ஒருத்தர், நம்மாளோட அண்ணன் தம்பி உறவு ஒண்ணு அந்த ஹெராயின்லதான் போச்சு. படத்தோட ஸ்பானிஷ் பேரு ஒரு பழமொழியோட பாதி, நம்ம ஊர்ல கத்தி எடுத்தவன் கத்தியாலதான் சாவான்னு சொல்றோமே அதேதான், மீதி பாதிய படம் சொல்லும். நல்லவன் ஒரு ஊசியோட நிக்கிறப்ப நமக்கு குத்துடான்னு தோணுதே, அங்க ப்ளாசா ஜெயிக்கிறாரு, ஆனா நடுவுல தாதாவோட பசங்க கதைல படம் கொஞ்சம் அலையுது. ஒரே ஒரு படம்னு கேட்டா நான் 'ஸ்லீப் டைட்'டத்தான் நீட்டுவேன்.

ஆனா மொத்த கணக்குல நான் ப்ளாசா பக்கம், காரணம் 'வெரோனிகா' (2017). மாட்ரிட்ல வயேகாஸ்ங்கிற உழைக்கிற ஜனங்க ஏரியா, 1991, அப்பா இல்ல, அம்மா ராத்திரி பூரா பார்ல வேலை, பதினஞ்சு வயசு பொண்ணு ரெண்டு தங்கச்சி ஒரு தம்பிய குளிப்பாட்டி சோறு போட்டு ஸ்கூல் அனுப்புறா. சூரிய கிரகணம் அன்னிக்கு ஸ்கூலே மொட்டமாடில நிக்க இவ ரெண்டு ஃப்ரெண்ட்ஸோட கீழ இருட்டு ரூம்ல ஆவிய கூப்பிடுற வீஜா போர்டு வைக்கிறா. பலாகெரோவும் 'டார்க்னஸ்'ல கிரகணத்த வச்சாரு, அங்க அது சடங்குக்கு குறிச்ச நேரம், அவ்ளோதான். இங்க எல்லாரும் மேல பாக்குறப்ப கீழ ஒரு குழந்தைய யாரும் பாக்கலங்கிறதுதான் முழுப் படமும். பயத்த எடுத்துட்டாலும் படம் நிக்கும். அங்க நெஜமா நடந்த ஒரு போலீஸ் கேஸ்லேர்ந்து எடுத்ததுன்னு சொல்லி வித்தாங்க, அது இல்லாமலே போதும்.

அதுக்கப்புறம் பலாகெரோ 'மியூஸ்', 2010 ஃபுட்பால் வேர்ல்ட் கப் ஃபைனல் அன்னிக்கு பேங்க் ஆஃப் ஸ்பெயின்ல திருடப் போற 'வே டௌன்', மறுபடியும் ஒரு அப்பார்ட்மென்ட்டுக்குள்ள போன 'வீனஸ்' (2022)னு எடுத்தாரு, கடைசி ஒண்ணு மட்டும் ஜாலி. ப்ளாசா எடுத்தது 'தி கிராண்ட்மதர்', பாரிஸ்ல மாடலா இருக்கிறவ தன்ன வளத்த பாட்டி படுத்த படுக்கையானதும் மாட்ரிட்டுக்கு திரும்பி வர்றா. பாட்டியா நடிச்ச வேரா வால்டெஸ் ஒரு காலத்துல ஷனேல்ங்கிற ஃபேஷன் கம்பெனிக்கு மாடலா இருந்தவங்க, அந்த தேர்வுலயே பாதி கதை சொல்லியாச்சு. வீட்டுல படுத்த பெரியவங்கள பாத்துக்கிட்டவங்க யோசிச்சுட்டு பாருங்க.

'வெரோனிகா'வுக்கு முன்கதையா 2023-ல 'சிஸ்டர் டெத்' வந்துச்சு, கதைப்படி அது முன்னாடி நடக்குதுன்னு அத மொதல்ல பாத்துடாதீங்க. 'வெரோனிகா'ல கண்ணு தெரியாத கன்னியாஸ்திரி ஒருத்தங்க சிகரெட் பிடிச்சுக்கிட்டே அந்தப் பொண்ணுகிட்ட பேசுவாங்க, யாருடா இந்த அம்மான்னு அப்ப மண்டைக்குள்ள ஒண்ணு உக்காரும் பாருங்க, அது உக்காந்தப்புறம் போடுங்க.