பில்ஸா, வைக்கிங்ஸா: யாருடைய பிளேஆஃப் கதையில் தொடங்கலாம்?

அமெரிக்கக் கால்பந்துக்குப் புதிதாக வருகிறவர்கள் பலர் இந்த இரண்டு அணிக்கும் நடுவில்தான் தடுமாறுகிறார்கள். இரண்டும் சூப்பர் பவுலை, அதாவது பிளேஆஃப் எனும் நாக்-அவுட் சுற்றுகளின் இறுதிப் போட்டியை, 4 முறை ஆடி, நான்கிலும் தோற்றவை.

தோற்ற விதம்:
பஃபலோ பில்ஸ்: 1991 முதல் 1994 வரை வரிசையாக நான்கு வருடம்.
மினசோட்டா வைக்கிங்ஸ்: 1970, 74, 75, 77. அதன் பிறகு இறுதிக்கே வரவில்லை.

நெஞ்சை உடைத்த உதை (பந்தை இரு கம்பங்களுக்கு நடுவே உதைத்தால் 3 புள்ளி):
பில்ஸ்: 1991 ஜனவரி, கடைசி நொடிகள், ஸ்காட் நார்வுட் 47 கெஜத்திலிருந்து உதைத்த பந்து கம்பத்துக்கு வலப்பக்கமாகப் போய்விட்டது, 20-19 என்று நியூயார்க் ஜயன்ட்ஸ் அணியிடம் ஆட்டம் போச்சு.
வைக்கிங்ஸ்: இதுதான் எனக்கு இன்னும் வலிக்கிறது. 1998 சீசனில் 15 வெற்றி, ஒரே தோல்வி. அந்த சீசன் முழுக்க ஒரு உதையைக்கூடத் தவறவிடாத கேரி ஆண்டர்சன், அட்லாண்டாவுக்கு எதிரான அரையிறுதியில் 38 கெஜத்திலிருந்து தவறவிட்டார். போயிருந்தால் 10 புள்ளி முன்னிலை, ஆட்டம் அங்கேயே முடிந்திருக்கும். கூடுதல் நேரத்தில் 30-27 என்று தோற்றார்கள்.

சந்தோஷம்:
பில்ஸ்: 1993 ஜனவரியில் ஹூஸ்டன் அணியிடம் 35-3 என்று பின்தங்கி, மாற்று ஆட்டக்காரர் ஃபிராங்க் ரைக்கை வைத்து 41-38 என்று வென்றது.
வைக்கிங்ஸ்: 2018 ஜனவரியில் ஒரு பிளேஆஃப் ஆட்டத்தின் கடைசி நகர்வில் ஸ்டெஃபான் டிக்ஸ் பந்தைப் பிடித்து ஓடி முடித்த 61 கெஜ டச்டவுன் (பந்தோடு எதிரணியின் எல்லைக்குள் நுழைந்து எடுக்கும் புள்ளி).

சரி, எது யாருக்கு? ஒரே அணியோடு சில வருடம் தொடர்ந்து வாழ்ந்து பார்க்க ஆசையா, பில்ஸ். ஒரே ஓர் ஆட்டம் பார்க்கத்தான் நேரம் இருக்கிறதா, அந்த அட்லாண்டா ஆட்டத்தைப் போடுங்கள்.