காசை எண்ணும் காதல் கதைகள்: ஓ. ஹென்றியின் ‘தி ஃபோர் மில்லியன்’

பள்ளியில் ‘ஞானிகளின் பரிசு’ கதையைச் சுருக்கித்தான் கொடுத்திருந்தார்கள். ஏழைக் கணவன் மனைவி, கிறிஸ்துமஸ் வருகிறது, அவள் தன் கூந்தலை விற்று அவனுடைய கடிகாரத்துக்குச் சங்கிலி வாங்குகிறாள், அவன் அந்தக் கடிகாரத்தையே விற்று அவள் கூந்தலுக்குச் சீப்பு வாங்குகிறான், அவ்வளவுதான், கீழே நான்கு கேள்விகள். நல்ல கதை என்று நினைத்துக்கொண்டு அடுத்த பாடத்துக்குப் போய்விட்டேன். பல வருடம் கழித்து முழுக் கதையையும், அது இருக்கும் தொகுப்பையும் சேர்த்துப் படித்தபோதுதான் அன்றைக்கு எனக்குக் கிடைத்தது முடிவு மட்டும்தான் என்று புரிந்தது. கதையின் உயிர் காசுக் கணக்கில் இருக்கிறது, சுருக்கியவர்கள் அதைத்தான் முதலில் வெட்டியிருந்தார்கள்.

கணக்கைப் பாருங்கள். டெல்லாவின் கையில் 1 டாலர் 87 சென்ட். அதில் 60 சென்ட் ஒற்றைச் சென்ட் காசுகள், மளிகைக்காரரிடமும் காய்கறிக்காரரிடமும் கறிக்கடைக்காரரிடமும் வெட்கத்தில் முகம் சிவக்கச் சிவக்கப் பேரம் பேசிச் சேர்த்தவை. ஜிம்மின் சம்பளம் ஒரு காலத்தில் வாரம் 30 டாலராக இருந்தது, இப்போது 20. அதில் 8 டாலர் வீட்டு வாடகைக்கே போய்விடுகிறது. முழங்காலுக்குக் கீழே விழும் அந்தக் கூந்தலுக்குக் கடைக்காரி கொடுப்பது 20 டாலர், அதாவது அவன் ஒரு வாரம் முழுக்க உழைத்துக் கொண்டுவருவது எவ்வளவோ அவ்வளவு. சங்கிலியின் விலை 21. கையிருப்பையும் சேர்த்துக் கொடுத்துவிட்டு மிச்சம் 87 சென்ட்டோடு வீட்டுக்கு ஓடுகிறாள். ஓ. ஹென்றி இதை எங்கேயும் கூட்டிக் கழித்துக் காட்டுவதில்லை, எண்களை அங்கங்கே போட்டுவிட்டுப் போகிறார், நாமே கூட்டிப் பார்க்கும்போது நெஞ்சில் ஏதோ அடைக்கிறது. அப்புறம் அந்தக் கடைசிக் காட்சி. ஜிம் அழவில்லை, கோபப்படவில்லை. சாய்ந்து உட்கார்ந்து, பின்தலையில் கைகளைக் கோத்துக்கொண்டு சிரிக்கிறான், பரிசுகளை இப்போதைக்கு எடுத்து வைத்துவிடலாம் என்கிறான், கறியை அடுப்பில் போடச் சொல்கிறான். இரண்டு பேரும் தங்களிடம் இருந்த ஒரே செல்வத்தை இழந்த ராத்திரியில் சாப்பாட்டு நேரம் வழக்கம்போல வந்துவிடுகிறது. அந்த ஒரு வரிக்காகவே முழுக் கதையையும் படிக்கலாம்.

சரி, புத்தகத்துக்கு வருகிறேன். ‘தி ஃபோர் மில்லியன்’ 1906இல் வந்தது, மொத்தம் 25 கதைகள், எல்லாமே நியூயார்க் நகரத்தைச் சுற்றி. தலைப்புக்கு நாற்பது லட்சம் என்று அர்த்தம். அந்தக் காலத்தில் வார்டு மெக்அலிஸ்டர் என்ற மேல்தட்டு மனிதர் ஒருவர் நியூயார்க்கில் பொருட்படுத்தத் தக்கவர்கள் சுமார் 400 பேர்தான் என்று சொல்லிவைத்திருந்தார். ஓ. ஹென்றி புத்தகத்தின் முன்பக்கத்திலேயே அதற்குப் பதில் சொல்லிவிடுகிறார்: மக்கள்தொகைக் கணக்கெடுப்பவர் அவரைவிட விவரமானவர், அவர் எண்ணியது நாற்பது லட்சம் பேரை, இந்தக் கதைகள் அவர்களுடையவை. கடைப் பெண்கள், தட்டச்சு செய்பவர்கள், குதிரை வண்டிக்காரர்கள், உணவகத்தில் பரிமாறுகிறவர்கள், பூங்கா பெஞ்சில் தூங்குகிறவர்கள் என்று ஊரே உள்ளே வருகிறது.

காதலும் தியாகமும் என்று பேசினால் எல்லோரும் டெல்லாவைத்தான் சொல்வார்கள். எனக்கு அதைவிட ‘எ சர்வீஸ் ஆஃப் லவ்’ ஒரு படி மேலே. ஜோ ஓவியம் கற்க வந்தவன், டீலியா சங்கீதம் கற்க வந்தவள், கல்யாணம் செய்துகொள்கிறார்கள், பணம் தீர்ந்துபோகிறது. அவன் படிப்பு நிற்கக் கூடாது என்று அவள் ஒரு ஜெனரலின் மகளுக்குப் பாட்டுச் சொல்லிக்கொடுப்பதாகச் சொல்லிவிட்டு வெளியே போகிறாள். உண்மையில் லாண்டரியில் சட்டைகளுக்கு இஸ்திரி போடுகிறாள். அவன் படங்களை விற்றுவிட்டதாகச் சொல்லி 18 டாலரை மேசையில் வைக்கிறான். உண்மையில் அவன் செய்தது என்ன என்பதை நீங்களே படித்துக்கொள்ளுங்கள். அவள் கையில் சூடு பட்டுக் கட்டுப் போட்டுக்கொண்டு வரும் சனிக்கிழமை சாயங்காலம், அந்தக் கட்டில் இருக்கும் பஞ்சும் எண்ணெயும் எங்கிருந்து வந்தன என்ற ஒரு கேள்வியில் இரண்டு பொய்களும் ஒன்றாக உடைகின்றன. டெல்லாவும் ஜிம்மும் ஒரே ஒரு நாள் தியாகம் செய்கிறார்கள். இவர்கள் வாரக்கணக்கில், தினமும் காலையில் எழுந்து, சிரித்த முகத்தோடு, அடுத்தவருக்குத் தெரியாமல் செய்கிறார்கள். அந்த ஜெனரல் வீட்டுப் பெண்ணைப் பற்றி டீலியா கட்டிச் சொல்லும் சின்னச் சின்ன விவரங்கள் இருக்கின்றனவே, அவள் எவ்வளவு மென்மையானவள், எப்போதும் வெள்ளை உடைதான் என்பதெல்லாம், இரண்டாம் முறை படிக்கும்போது ஒவ்வொன்றும் வலிக்கிறது. ஓ. ஹென்றி என்றாலே திடீர் முடிவு என்று சொல்லிப் பழகிவிட்டோம். முடிவு தெரிந்த பிறகு படித்தால் இன்னும் நன்றாக இருக்கும் கதைகள் இவை, நம்பி மறுபடியும் படிக்கலாம்.

இந்தப் புத்தகத்திலேயே என்னைத் தூங்கவிடாத கதை ‘ஆன் அன்ஃபினிஷ்ட் ஸ்டோரி’, முடியாத கதை. டல்ஸி ஒரு பெரிய கடையில் விற்பனைப் பெண், வாரச் சம்பளம் 6 டாலர், அறை வாடகைக்கு 2 டாலர். ஒரு சாயங்காலம் பணக்காரன் ஒருவனோடு சாப்பிடப் போக வேண்டியிருக்கிறது, அதற்காக 50 சென்ட் கொடுத்து ஒரு போலி லேஸ் கழுத்துப்பட்டை வாங்குகிறாள். அந்த 50 சென்ட் எதற்காக இருந்தது என்று ஓ. ஹென்றி பிரித்துச் சொல்கிறார்: இரவுச் சாப்பாட்டுக்கு 15, காலைச் சாப்பாட்டுக்கு 10, மதியத்துக்கு 10, சேமிப்புக்கு 10, அதிமதுர மிட்டாய்க்கு 5. மிட்டாய்க்கு ஒதுக்கிய 5 சென்ட்தான் அவளுடைய ஒரு நாளின் மொத்த ஆடம்பரம். அவளைக் கூப்பிட்டிருக்கும் பிக்கி என்பவன் ஒரு கடைப் பெண்ணைப் பார்த்தவுடனேயே அவள் வயிறாரச் சாப்பிட்டு எத்தனை மணி நேரம் ஆகிறது என்று சொல்லக்கூடியவனாம். பசியை மோப்பம் பிடித்து வேட்டையாடுகிறவன். இதைவிட அருவருப்பான ஒரு மனிதனை இவ்வளவு குறைந்த வார்த்தைகளில் யாராவது எழுதியிருக்கிறார்களா என்று தெரியவில்லை.

அவளுடைய அறையில் ஜெனரல் கிச்சனரின் படம் ஒன்று இருக்கிறது. நேரில் பார்த்தே இராத அந்த பிரிட்டிஷ் படைத்தலைவரின் கடுமையான பார்வைதான் அவளுக்கு அப்பா, அண்ணன், மனசாட்சி எல்லாம். அந்தப் பார்வையைச் சந்திக்க முடியாமல், உடம்பு சரியில்லை என்று சொல்லியனுப்பிவிட்டு, பிஸ்கட்டும் ஜாமும் சாப்பிட்டுப் படுத்துவிடுகிறாள். அப்பாடா என்று நாம் மூச்சு விடும்போது ஓ. ஹென்றி விடுவதில்லை. இன்னொரு நாள் பிக்கி கூப்பிடுவான், அன்றைக்கு அவளுக்குத் தனிமை இன்னும் அதிகமாக இருக்கும், கிச்சனர் வேறு பக்கம் பார்த்துக்கொண்டிருப்பார் என்று சொல்லி, வாக்கியத்தைப் பாதியில் விட்டுவிடுகிறார். அதற்குப் பிறகு கனவில் ஒரு நியாயத்தீர்ப்பு நாள் வருகிறது. வேலைக்குப் போகும் பெண்களுக்கு வாரம் 5, 6 டாலர் கொடுத்து அந்தச் சம்பளத்திலேயே வாழச் சொன்ன முதலாளிகள் ஒரு பக்கம் கூட்டமாக நிற்கிறார்கள். கதைசொல்லியும் அவர்களில் ஒருவனா என்று ஒரு தேவதூதன் கேட்கிறான். அதற்கு அவன் சொல்லும் பதிலை இங்கே எழுதமாட்டேன். மனிதர் நேரடியாகவே குற்றம் சாட்டுகிறார், எந்தப் பூச்சும் இல்லாமல். இனிமையான கிறிஸ்துமஸ் கதை எழுதியவர் என்று மட்டும் அவரை நினைவில் வைத்திருப்பவர்கள் இதைக் கட்டாயம் படிக்க வேண்டும்.

வாடகை அறைகள் இந்தத் தொகுப்பு முழுக்க வருகின்றன. ‘தி ஸ்கைலைட் ரூம்’ கதையில் 7 அடிக்கு 8 அடி அறை, 2 டாலர், கூரையில் ஒரு கண்ணாடி. வேலை கிடைக்காத தட்டச்சுப் பெண் அதன் வழியே தெரியும் ஒரு நட்சத்திரத்துக்கு பில்லி ஜாக்சன் என்று பெயர் வைத்துப் பேசிக்கொண்டிருக்கிறாள். இதன் முடிவில் வரும் தற்செயல் எனக்குக் கொஞ்சம் அதிகமாகவே பட்டது, ஆனால் பட்டினியில் கை தூக்கக்கூட முடியாமல் அவள் அந்த நட்சத்திரத்துக்கு முத்தம் அனுப்பும் இடம் மறக்காது. ‘தி ஃபர்னிஷ்ட் ரூம்’ இதற்கு நேர் எதிர். காணாமல்போன காதலியைத் தேடி ஐந்து மாதமாக அறை அறையாக ஏறி இறங்கும் ஒரு இளைஞன், எத்தனையோ பேர் தங்கிப்போன அழுக்கான அறை, திடீரென்று அங்கே வீசும் ஒரு பூவாசம். தொகுப்பிலேயே இருட்டான கதை இதுதான். ஒரே ஊரில் ஒருத்தி பிழைக்கிறாள், இன்னொருத்திக்கு என்ன ஆயிற்று என்று விசாரிக்கக்கூட யாரும் இல்லை.

எழுதியவரின் வாழ்க்கை தெரிந்தால் இந்தக் காசுக் கணக்கு எங்கிருந்து வந்தது என்று புரியும். உண்மைப் பெயர் வில்லியம் சிட்னி போர்ட்டர், 1862இல் வட கரோலினாவில் பிறந்தவர். டெக்சாஸ் மாநிலம் ஆஸ்டினில் வங்கியில் காசாளர், பணம் கையாடியதாக வழக்கு. விசாரணைக்குப் போகாமல் ஹோண்டுராசுக்கு ஓடிப்போனார். மனைவி ஏத்தல் காசநோயில் படுத்திருந்தார். அந்த நிலையிலும் லேஸ் கைக்குட்டை ஒன்றைச் செய்து 25 டாலருக்கு விற்று, கிறிஸ்துமஸுக்கு அவருக்கு ஒரு பெட்டி நிறையப் பரிசு அனுப்பினார் என்று அவரது வாழ்க்கை வரலாறு சொல்கிறது. இதைப் படித்த பிறகு டெல்லாவை வெறும் கற்பனை என்று என்னால் நினைக்க முடியவில்லை. மனைவியின் நிலைமை கேட்டுத் திரும்பி வந்தார், 1897இல் மனைவி இறந்தார், அடுத்த வருடம் போர்ட்டருக்கு ஐந்து வருடச் சிறைத் தண்டனை. ஓஹையோ சிறையில் மருந்தாளராக வேலை பார்த்துக்கொண்டே கதை எழுதி, மூன்று வருடத்துக்கும் மேலே கழித்து 1901இல் வெளியே வந்து, அடுத்த வருடம் நியூயார்க் சேர்ந்தார். அங்கே ‘நியூயார்க் வேர்ல்டு’ பத்திரிகையின் ஞாயிறு இதழுக்கு வாரம் ஒரு கதை. அந்த ஓட்டத்தில் எழுதியவைதான் இவற்றில் பல.

அந்த அவசரம் சில கதைகளில் தெரியவும் செய்கிறது. ‘தி ரொமான்ஸ் ஆஃப் எ பிசி புரோக்கர்’ ஒரே ஒரு விளையாட்டை நம்பி நிற்கிறது, அது தெரிந்தபின் வேறெதுவும் இல்லை. கதை நன்றாகப் போய்க்கொண்டிருக்கும்போது ஆசிரியர் குறுக்கே வந்து பேசுவதும் உண்டு, சில இடத்தில் அழகு, சில இடத்தில் வழவழ. குடியேறி வந்தவர்களைப் பற்றியும் பெண்களைப் பற்றியும் அன்றைய பத்திரிகைகளில் சகஜமாக இருந்த பொதுப்படையான கிண்டல்கள் இருக்கின்றன, அவற்றை நான் ரசிக்கவில்லை. ஆங்கிலமும் லேசானது அல்ல. பெரிய பெரிய சொற்களை வேண்டுமென்றே போடுவார், பைபிளும் அரபுக் கதைகளும் நடுநடுவே வரும். முதல் கதையான ‘டோபின்ஸ் பாம்’ முழுக்க ஐரிஷ் பேச்சு நடையில் இருப்பதால் அங்கேயே சோர்ந்து புத்தகத்தை மூடியவர்களை எனக்குத் தெரியும். அதைக் கடைசிக்கு வைத்துக்கொள்ளுங்கள்.

வாங்குவது பற்றி ஒரு வார்த்தை. நான் முதலில் வாங்கிய அச்சுப் பிரதி மலிவானது, பதிப்பகத்தின் பெயர் வேண்டாம். எழுத்து பொடிப்பொடியாக இருந்தது, அதுகூடப் பரவாயில்லை, டல்ஸியின் 50 சென்ட் கணக்கு வரும் பத்தியே அதில் இல்லை. இணையத்தில் இருந்த மூலத்தோடு ஒப்பிட்டபோதுதான் தெரிந்தது, எனக்கு ஆத்திரமாக வந்தது. காப்புரிமை முடிந்த நூல், ‘புராஜெக்ட் குட்டன்பர்க்’ தளத்தில் முழுசாக, இலவசமாகக் கிடைக்கிறது. அதையே படியுங்கள், அல்லது காசு கொடுக்கும் முன் சுருக்கப்படாத பதிப்பா என்று பார்த்து வாங்குங்கள். குழந்தைகளுக்கான சுருக்கப் பதிப்பைப் படித்துவிட்டு ஓ. ஹென்றியைப் படித்தாயிற்று என்று தயவுசெய்து விட்டுவிடாதீர்கள். இன்னொன்று, ‘கடைசி இலை’ கதையை எதிர்பார்த்து இதை வாங்குகிறவர்கள் உண்டு, அது இதில் இல்லை, 1907இல் வந்த ‘தி டிரிம்ட் லேம்ப்’ தொகுப்பில் இருக்கிறது.

முதலில் ‘ஞானிகளின் பரிசு’, ‘எ சர்வீஸ் ஆஃப் லவ்’ இரண்டையும் ஒரே மூச்சில் படித்துவிடலாம். பெஞ்சில் தூங்கும் சோப்பி குளிர்காலத்தை ஜெயிலில் கழிக்க முயற்சி செய்யும் ‘தி காப் அண்ட் தி ஆந்தம்’ அதற்கு அடுத்து நன்றாக இருக்கும். ‘தி ஃபர்னிஷ்ட் ரூம்’ கதையைப் பகலில் படியுங்கள், வீட்டில் யாராவது இருக்கும்போது.