மூன்றடுக்கு சாக்லேட் கேக்: வீட்டு ஓவனில் பல ஆண்டு அனுபவம்

வீட்டில் அடுக்கு சாக்லேட் கேக் செய்யத் தொடங்கிப் பல ஆண்டுகள் ஆகிவிட்டன. டின், கோக்கோ, க்ரீம், செய்முறை எல்லாவற்றையும் மாற்றி மாற்றிப் பார்த்துவிட்டேன். இப்போது எனக்கு உறுதியாகத் தெரிவது இதுதான்: அடுக்கு கேக்கின் செழுமை அதன் நடுவே பூசும் கனாஷிலிருந்து, அதாவது சாக்லேட்டும் க்ரீமும் கலந்த பூச்சிலிருந்து, வர வேண்டும். கேக் மென்மையாகவும் ஈரமாகவும் இருந்தால் போதும். இரண்டையும் கனமாகச் செய்தால் ஒரு துண்டுக்கு மேல் யாராலும் சாப்பிட முடிவதில்லை.

அதனால்தான் வெண்ணெயிலிருந்து எண்ணெய்க்கு மாறினேன். வெண்ணெய் கேக்கின் வாசனைக்கு ஈடே இல்லை, ஒத்துக்கொள்கிறேன். ஆனால் கனாஷ் பூசிய கேக் குளிர்சாதனப் பெட்டிக்குள் போயே ஆக வேண்டும். வெண்ணெய் அங்கே இறுகி, கேக்கையும் இறுக்கிவிடும். வாசனையற்ற எண்ணெய் குளிரிலும் இறுகாது. மூன்றாம் நாள் எடுத்து வெட்டினாலும் கேக் பஞ்சாகவே இருக்கிறது. சாக்லேட் மணத்தைக் கோக்கோ பார்த்துக்கொள்ளும்.

20 சென்டிமீட்டர் டின் மூன்றுக்கு நான் இப்போது நிலையாக எடுக்கும் அளவு: மைதா 220 கிராம், சர்க்கரை 350 கிராம், கோக்கோ 75 கிராம், முட்டை 2, எண்ணெய் 120 மில்லி, கடைந்த கெட்டித் தயிர் 240 மில்லி, கொதிநீர் 240 மில்லி, சமையல் சோடாவும் பேக்கிங் பவுடரும் தலா ஒன்றரைத் தேக்கரண்டி, உப்பு ஒரு தேக்கரண்டிக்குச் சற்றுக் குறைவு. உப்பை விட்டுவிட வேண்டாம். அது இல்லாவிட்டால் சாக்லேட் சப்பென்று ஆகிவிடும்.

கோக்கோவைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் கேக்கின் குணத்தையே அதுதான் தீர்மானிக்கிறது. சாதாரண கோக்கோ அமிலத்தன்மை கொண்டது. பழப் புளிப்பும் சிவப்பு சாயலும் தரும். டச்சு முறைக் கோக்கோவில் காரப்பொருள் சேர்த்து அந்த அமிலத்தைத் தணித்திருப்பார்கள். கோக்கோவிலிருந்து கொழுப்பைப் பிழியும் இயந்திரத்துக்கு 1828-ல் காப்புரிமை பெற்ற வான் ஹௌட்டன் குடும்பத்திலிருந்து வந்த முறை அது. நிறம் அடர்ந்து, கசப்பு மட்டுப்பட்டு, சுவை உருண்டு திரண்டு வரும். எனக்கு இதுவே பிடித்திருக்கிறது. ஆனால் சமையல் சோடா வேலை செய்ய அமிலம் தேவை. டச்சுக் கோக்கோவோடு பாலையும் சோடாவையும் மட்டும் சேர்த்தால் கேக் சரியாக உப்பாது. மிஞ்சிய சோடா நாக்கில் சோப்பு போலத் தட்டும். மேலே சொன்ன அளவில் தயிர் இருப்பது அதற்காகத்தான். இன்னொன்று: கரிநிறக் கோக்கோ என்று விற்கப்படுவதை முழு அளவுக்கும் பயன்படுத்தாதீர்கள். காரப்பொருள் மிக அதிகமாக ஏறியது அது. கண்ணுக்கு விருந்து, நாக்குக்கு மிகக் குறைவு.

கொதிநீரைக் கோக்கோ மீது நேராக ஊற்றிக் கலக்குவது என் வழக்கம். முதலில் தூள் மேலே மிதந்து அடம்பிடிக்கும். பிறகு கரண்டி பட்ட இடத்திலிருந்து குழைந்து, பளபளப்பான கூழாகும். அந்த நிமிடம் எழும் மணத்துக்காகவே இந்த வேலை எனக்கு அலுப்பதில்லை. வெந்நீருக்குப் பதில் கடுங்காபி ஊற்றினால் காபிச் சுவை தனியாகத் தெரியாது. சாக்லேட் இன்னும் ஆழமாகும். இந்தக் கூழ் வெதுவெதுப்பாக ஆறிய பிறகே முட்டையைச் சேர்க்க வேண்டும். கலவை நீர்த்துத்தான் இருக்கும். அதைப் பார்த்துப் பயந்து மைதாவைக் கூட்ட வேண்டாம்.

கருவிகளில் பணத்துக்கு முழு மதிப்புத் தந்தவை இரண்டு: டிஜிட்டல் தராசும் ஓவன் வெப்பமானியும். மைதாவைக் கப்பில் அள்ளும் விதத்தைப் பொறுத்தே 120 கிராமும் வரும், 150 கிராமும் வரும். தராசு அந்தக் குழப்பத்தைத் தீர்த்துவிடுகிறது. கலவையைப் பங்கிடவும் அதுதான். டின்னுக்கு 450 கிராம் வீதம் ஊற்றினால் மூன்றும் ஒரே உயரத்தில் வேகும், மேட்டைச் சீவி எறிய வேண்டியதில்லை. ஓவனின் குமிழ் காட்டும் எண்ணை நம்பவே கூடாது. உள்ளே ஒரு வெப்பமானியைத் தொங்கவிட்டு 175 டிகிரி செல்சியஸைக் கண்ணால் பார்த்த பிறகே டின்னை வைக்கிறேன். ஏறத்தாழ அரை மணி நேரத்தில் வெந்துவிடும்.

டின்களில் வெளிர்நிற அலுமினியத்துக்கே என் ஓட்டு. இத்தனை ஆண்டுகளில் கொஞ்சம் மங்கியிருக்கின்றன, கோணவில்லை. கறுப்பு டின்களில் ஓரம் முந்திக்கொண்டு முறுகுகிறது. சிலிக்கோன் அச்சின் பக்கங்கள் பிதுங்குகின்றன. அடி கழலும் டின்னில் இந்த நீர்த்த கலவை ஒழுகும். அடியில் பட்டர் பேப்பர் போட்டுவிட்டால் வேறு கவலை இல்லை. சுழல் மேடை, முனை மடங்கிய ஸ்பாட்டுலா இருந்தால் வசதி. மற்ற அலங்காரச் சாமான்கள் இல்லாமலும் நடக்கும்.

இனி கனாஷ். நடுவில் பூச, சாக்லேட்டும் க்ரீமும் சம எடை. வெளிப்பூச்சுக்கு 3 பங்கு சாக்லேட்டுக்கு 2 பங்கு க்ரீம். கொழுப்பு 35 சதவீதமாவது உள்ள க்ரீமாக இருந்தால் நல்லது. 25 சதவீத க்ரீமில் செய்தால் தளர்ந்து நிற்கும், சாக்லேட்டைக் கூட்ட வேண்டும். கொதி வரும் க்ரீமைப் பொடியாக நறுக்கிய சாக்லேட் மீது ஊற்றி, இரண்டு நிமிடம் தொடாமல் விடுங்கள். பிறகு நட்ட நடுவில் சின்ன வட்டமாகக் கலக்க ஆரம்பித்தால், கறுத்த பளபளப்பான ஒரு புள்ளி தோன்றி மெல்ல மெல்லப் பாத்திரம் முழுக்கப் பரவும். எண்ணெய் பிரிந்து திட்டுத் திட்டாகத் தெரிந்தால், ஒரு கரண்டி வெதுவெதுப்பான பாலை விட்டுக் கலக்கினால் பெரும்பாலும் சேர்ந்துவிடும். பூசும் பதம் வர வெளியிலேயே சில மணி நேரம் ஆற வேண்டும். அவசரத்துக்குக் குளிர்சாதனப் பெட்டியில் வைத்தால் ஓரம் கட்டியாகும், நடு நீராகவே இருக்கும்.

ஆகவே இதை ஒரே நாளில் முடிக்க முயலாதீர்கள். முதல் நாள் கேக்கைச் சுட்டு, முழுக்க ஆறியதும் பிளாஸ்டிக் உறையில் இறுகச் சுற்றிக் குளிரில் வைப்பேன். குளிர்ந்த கேக் உதிராது, பூசும்போது துகள் ஒட்டாது. மறுநாள் அடுக்கி, மெல்லிய முதல் பூச்சு; அரை மணி நேரக் குளிர்; அதற்கு மேல் தடித்த பூச்சு. நடுவே புளிப்பான ராஸ்பெரி ஜாமை மெல்லியதாகத் தடவிப் பாருங்கள். அவ்வளவு சாக்லேட்டுக்கு நடுவில் அது நாக்கைத் துலக்கிவிடுகிறது.

பரிமாறுவதற்கு ஒரு மணி நேரம் முன்பே வெளியே எடுத்து வைத்துவிட வேண்டும். கோக்கோ வெண்ணெய் குளிரில் கல்லாக நிற்கும், வாயில் உருகாது. கத்தியை வெந்நீரில் நனைத்து, துடைத்து, ஒவ்வொரு வெட்டுக்கும் அப்படியே செய்தால் அடுக்குகள் கோடு போட்டதுபோல் தெரியும். மிஞ்சியதை, வெட்டிய பக்கத்தை உறையால் மூடி, மூன்று நான்கு நாள் குளிரில் வைக்கலாம். பூசாத அடுக்குகளை உறையவைத்தால் ஒரு மாதம் வரை தாங்கும்.