366 தாள்களில் உலக வரலாறு: ஒரு மேசை நாட்காட்டி பற்றிய மதிப்புரை

ஒரே தேதியில் வெவ்வேறு ஆண்டுகளில் நிகழ்ந்தவற்றைத் தொகுத்துத் தரும் மேசை நாட்காட்டி ஒன்றை ஓராண்டாக நாள்தோறும் பயன்படுத்தி வருகிறேன். கிழமை அச்சிடப்படாததால் எந்த ஆண்டுக்கும் பொருந்தும். பிப்ரவரி 29-ஐயும் சேர்த்து 366 தாள்கள். இத்தகைய தொகுப்புகள் பெரும்பாலும் பிறந்தநாள், நினைவுநாள் பட்டியலோடு நின்றுவிடும். இரு நிகழ்வுகள் ஒரே தேதியில் அமைந்தது தற்செயலா, யாரேனும் வேண்டுமென்றே தேர்ந்தெடுத்ததா, அல்லது ஒன்றின் தொடர்ச்சியாக மற்றது நேர்ந்ததா என்று இந்த நாட்காட்டி பல இடங்களில் விளக்குகிறது. இதை நான் மதிப்பதற்கு அதுவே முதற்காரணம்.

நவம்பர் 9-ஆம் தேதித் தாளில் ஜெர்மனியின் நான்கு நிகழ்வுகள் ஒன்றன்கீழ் ஒன்றாக உள்ளன: 1918-இல் குடியரசுப் பிரகடனம், 1923-இல் மியூனிக்கில் ஹிட்லரின் ஆட்சிக் கவிழ்ப்பு முயற்சியின் தோல்வி, 1938-இல் யூதர்களின் வழிபாட்டுக்கூடங்களும் கடைகளும் சூறையாடப்பட்ட இரவு, 1989-இல் பெர்லின் சுவர் திறப்பு. வெறும் பட்டியலாகப் படிப்பவருக்கு எல்லாம் விதியின் செயலாகத் தோன்றக்கூடும். ஆனால் 1923-இல் உயிரிழந்த தம் கட்சியினரை நினைவுகூர 1938-இல் நாஜித் தலைவர்கள் மியூனிக்கில் கூடியிருந்தபோதுதான், பாரிஸில் சுடப்பட்ட ஜெர்மன் தூதரக அதிகாரி இறந்துவிட்ட செய்தி வந்தது. அந்தக் கூட்டத்தில் நாஜிப் பிரசார அமைச்சர் கோயபல்ஸ் ஆற்றிய உரையே 1938-இன் வெறியாட்டத்தைத் தூண்டிவிட்டது. 1989-இன் கதையோ முற்றிலும் வேறு. மறுநாள் நடைமுறைக்கு வரவேண்டிய புதிய பயண விதியை, கிழக்கு ஜெர்மன் ஆளுங்கட்சியின் பேச்சாளர் குந்தர் ஷபோவ்ஸ்கி செய்தியாளர் கூட்டத்தில் ‘உடனடியாக’ நடைமுறைக்கு வருவதாகக் கூறிவிட, மக்கள் அன்றிரவே எல்லைச் சாவடிகளில் திரண்டனர். வாய்தவறி வந்த ஒரு சொல் அந்தத் தேதியை முடிவுசெய்தது. இந்த வேறுபாடுகளை ஒரு கையளவுத் தாளில் அடக்கியிருப்பது பாராட்டத்தக்கது.

ஆகஸ்ட் 15-உம் நன்கு எழுதப்பட்டுள்ளது. 1945-இல் ஜப்பானியப் பேரரசர் சரணடைவை வானொலியில் அறிவித்த நாள் அது. அதன் இரண்டாம் ஆண்டு நிறைவு என்பதாலேயே மவுண்ட்பேட்டன் இந்திய விடுதலைக்கு அந்தத் தேதியைத் தேர்ந்தார். விண்வெளித் தாள்களில் தற்செயலே மிகுதி. முதன்முதலாக விண்வெளிக்குச் சென்ற மனிதரான ககாரின் பறந்தது 1961 ஏப்ரல் 12. கொலம்பியா விண்ணோடத்தின் முதற்பயணம் கணினிக் கோளாறால் இரண்டு நாள் தள்ளிப்போய், 1981-இல் அதே தேதியில் அமைந்தது.

குறைகள் இல்லாமல் இல்லை. ஏப்ரல் 23-ஆம் தேதித் தாள், 1616-இல் ஷேக்ஸ்பியரும் ஸ்பானிய எழுத்தாளர் செர்வாண்டிசும் ஒரே நாளில் இறந்தனர் என்கிறது. ஸ்பெயின் 1582-இலேயே இன்று வழக்கிலுள்ள கிரிகோரியன் நாட்காட்டிக்கு (புதிய முறை) மாறிவிட்டது. இங்கிலாந்து 1752 வரை அதற்கு முந்தைய ஜூலியன் நாட்காட்டியையே (பழைய முறை) பின்பற்றியது. ஆகவே இரு மரணங்களுக்கும் இடையே ஏறத்தாழ பத்து நாள் இடைவெளி உண்டு. இதைவிட என்னை வருத்துவது, இந்த நாட்காட்டி ஒரே அளவுகோலைக் கடைப்பிடிக்காததுதான். ரஷ்யாவின் அக்டோபர் புரட்சியைப் புதிய முறைப்படி நவம்பர் 7-இல் வைக்கும் தொகுப்பாளர்கள், நியூட்டனின் பிறப்பைப் பழைய முறைப்படி டிசம்பர் 25-இல் வைத்திருக்கிறார்கள். அது புதிய முறையில் 1643 ஜனவரி 4. எது எந்த முறை என்று ஒரு குறியீடுகூட இல்லை. தேதியையே பொருளாகக் கொண்ட ஒரு வெளியீட்டில் இதைச் சிறு பிழையென்று ஒதுக்க என்னால் இயலவில்லை.

நேர மண்டலங்களிலும் இதே கவனக்குறைவு தெரிகிறது. 1941-இல் ஜப்பானியப் படை மலாயாவின் கோத்தாபாருவில் இறங்கத் தொடங்கியது, ஹவாயிலுள்ள முத்துத் துறைமுகத்தின் (பேர்ல் ஹார்பர்) மீதான தாக்குதலுக்குச் சுமார் ஒரு மணி நேரம் முன்னதாக. ஆயினும் சர்வதேசத் தேதிக்கோடு இடையில் இருப்பதால், முன்னது டிசம்பர் 8 எனவும் பின்னது டிசம்பர் 7 எனவும் பதிவாகியுள்ளன. ஒன்றையொன்று சுட்டும் வரி எதுவுமின்றி இரண்டும் தனித்தனித் தாள்களில் கிடக்கின்றன.

தாள் தடிமனானது, மை மறுபக்கம் ஊறவில்லை. வளையம் மட்டும் சற்று இறுக்கம்.

வரலாற்றில் ஆர்வமுள்ள மாணவர்க்கும் ஆசிரியர்க்கும் தயங்காமல் பரிந்துரைப்பேன். அடுத்த பதிப்பில் பழைய முறைத் தேதிகளுக்கு ஓர் அடையாளமிட்டால் போதும். என்னிடமுள்ள படியில், ஷேக்ஸ்பியர் பெயருக்குப் பக்கத்தில் ‘மே 3’ என்று பென்சிலால் எழுதி வைத்திருக்கிறேன்.