சாயங்காலம் மட்டும் கத்தும் வெந்நீர் பம்ப்

காலை ஆறு மணிக்குக் குழாயைத் திறந்தால் பம்ப் ஓடுவதே தெரியாது. மாலை நாலு மணிக்கு அதே குழாயைத் திறந்தால் தகர டப்பாவில் ஜல்லியைப் போட்டு ஆட்டுகிற சத்தம். சோலார் ஹீட்டர் லைனில் மாட்டிய 120 வாட் இன்லைன் பிரஷர் பம்ப் (பைப்பின் நடுவிலேயே கோத்துவிடுவது), மூன்று வருஷ ஓட்டம், போன வாரம்தான் ரோட்டரை, அதாவது உள்ளே சுற்றும் பாகத்தை, கழற்றித் துடைத்தது. "அதையே வாங்கலாமா சார்?" என்று எதிர் ஃப்ளாட்டில் கேட்டார்கள். பதில் கொஞ்சம் நீளம்.

நல்லதை முதலில் சொல்லிவிடுகிறேன். இரண்டு மின்விசிறிக்குக் கொஞ்சம் குறைவான கரண்டில், சொட்டிக்கொண்டிருந்த ஷவர் முதுகைக் குத்துகிற வேகத்துக்கு வந்தது. மோட்டாரைக் குளிரவைப்பது உள்ளே ஓடும் தண்ணீரே. ஃபேன் கிடையாது, சீல் கிடையாது. ஒழுங்காக மாட்டினால் சுவரில் காதை வைத்தால்தான் கேட்கும்.

ஒழுங்காக மாட்டினால். பிளம்பர் மாட்டிய இடம் மொட்டை மாடி, சோலார் டேங்க் ஸ்டாண்டுக்குப் பக்கத்திலேயே. மாலையில் டேங்க் தண்ணீர் 70 டிகிரிக்குப் போகும். அந்தச் சூட்டில், பம்ப் உறிஞ்சும் வாயில் அழுத்தம் கொஞ்சம் குறைந்தாலே தண்ணீர் ஆவிக் குமிழாகி, தண்ணீரைத் தள்ளும் சக்கரமான இம்பெல்லரில் வெடிக்கும். ஜல்லிச் சத்தம் அதுதான். 30 டிகிரி தண்ணீரோடு ஒப்பிட்டால், 70 டிகிரியில் சுமார் 9 அடி தண்ணீர் உயரத்தின் அழுத்தம் கூடுதலாக வேண்டும். அதாவது ஒரு மாடி. பம்ப்பைக் கீழே இறக்கி, பாத்ரூமுக்குப் பின்னால் குழாய்கள் இறங்கும் டக்ட்டில், தரையிலிருந்து இரண்டடி உயரத்தில் வைத்ததும் சாயங்காலக் கச்சேரி நின்றது. இறக்க வழியில்லாத வீட்டில், டேங்க்கிலிருந்து பம்ப் வரை முக்கால் இஞ்ச் பைப்பை ஒரு இஞ்ச் சிபிவிசியாக (சூடு தாங்கும் பிளாஸ்டிக் பைப்) மாற்றி, எல்போ வளைவுகளைக் குறைத்தால் ஓரளவு அடங்கும். டேங்க்கின் ஏர் வென்ட் குழாய் அடைத்திருக்கிறதா என்றும் பார்த்துவிடுங்கள். அடைத்திருந்தால் சத்தம் மட்டுமல்ல, உள் டேங்க்கே நசுங்கும்.

அடுத்த தப்பு, மோட்டார் முகம் வானத்தைப் பார்த்து இருந்தது. இந்த வகைப் பம்ப்பில் ஷாஃப்ட், அதாவது சுற்றும் அச்சு, படுக்கைவாட்டில்தான் இருக்க வேண்டும். செங்குத்தாக வைத்தால் காற்று மேலே தேங்கி, பேரிங் வறண்டு கீச்சிடும். காற்றை எடுப்பது சுலபம்: மெயினை அணைத்து, டேங்க் வால்வைத் திறந்தே வைத்து, மோட்டார் நடுவில் இருக்கும் பெரிய ஸ்க்ரூவை ஒரு சுற்று தளர்த்துங்கள். நுரைத்து வந்து, பிறகு நேராகத் தண்ணீர் கசிந்ததும் முறுக்கிவிடுங்கள். காலையில் செய்யுங்கள், சாயங்காலம் செய்தால் கை வெந்துபோகும்.

கரகரவென்று அரைக்கிற சத்தம் என்றால் உப்பு. கடலோரப் பக்கம் போர் தண்ணீரை சோலாருக்கு ஏற்றினால் சூட்டில் சுண்ணாம்பு படியாமல் இருக்காது. நாலு ஆலன் ஸ்க்ரூவைக் கழற்றினால் ரோட்டர் கையோடு வரும். வெள்ளையாகத் தோல் உரிந்த மாதிரி இருக்கும். ஒரு லிட்டர் வெதுவெதுப்பான தண்ணீரில் 50 கிராம் எலுமிச்சை உப்பு (சிட்ரிக் ஆசிட்) கரைத்து அரை மணி நேரம் ஊறவைத்தால் போதும். சுரண்டாதீர்கள், தட்டாதீர்கள், செராமிக் ஷாஃப்ட் சட்டென்று உடையும். கடல் காற்றில் ஸ்க்ரூ துருப்பிடித்திருக்கும், முந்தின நாளே எண்ணெய் விட்டு வையுங்கள். ஊருக்குப் போய்த் திரும்பியதும் சுற்றாமல் முனகினால், நடு ஸ்க்ரூவை எடுத்து ஷாஃப்ட் முனையை ஸ்க்ரூ டிரைவரால் திருப்பிவிடுங்கள். லேசாகச் சுற்றியும் முனகினால் கெப்பாசிட்டர். மேலே அச்சடித்த மைக்ரோஃபாரட் அளவிலேயே வாங்குங்கள்.

ராத்திரி யாரும் குழாயைத் திறக்காமலே ஓடுகிறதா? மிக்ஸரில் சூடு, குளிர் இரண்டு குமிழும் திறந்திருக்கும், ஹேண்ட் ஷவர் முனை மட்டும் மூடியிருக்கும். பம்ப் தள்ளும் வெந்நீர் மிக்ஸர் வழியாகக் குளிர் லைனில் ஏறி ஓவர்ஹெட் டேங்க்குக்குப் போகிறது. குளிர் லைனில் ஒரு என்ஆர்வி, அதாவது தண்ணீரைத் திரும்ப விடாத வால்வு, போட்டால் தீர்ந்தது. சுவர் அதிர்ந்தால் கிளாம்ப்புக்கு அடியில் பழைய சைக்கிள் டியூப் துண்டு.

இதில் பம்ப் மேல் பழி சொல்ல ஒன்றுமே இல்லை, எல்லாம் மாட்டினவர் வேலையும் உப்புத் தண்ணீரும்தான். ஆனாலும் நான் மறுபடி இதை வாங்கமாட்டேன். ரோட்டர் தனியாகத் தரமாட்டார்களாம், முழு பம்ப்பையே வாங்கணுமாம். பத்து ரூபாய் ஓ-ரிங்குக்கு (ரப்பர் வளையம்) பழசைக் கையில் எடுத்துக்கொண்டு சென்னை பாரிமுனையில் கடை கடையாக அளவு பார்க்க வைத்தார்கள். எதிர் ஃப்ளாட்டுக்காரர் தாராளமாக வாங்கட்டும், அவர் வீட்டில் மெட்ரோ வாட்டர் மட்டும்தான், போர் தண்ணீர் உப்புத் தொல்லை இல்லை.